கவுனில் சிவப்பு பாலிஷ்

"பொம்பளப் புள்ள மேல பாலிஷ் துணிய விட்டு எறியறதா? இவரெல்லாம் ஒரு வாத்தியாரா?"

ருடோ தக்காளிக் கூடையைப் பக்கத்துக் கடைக்காரியிடம் தள்ளிவிட்டு, மகள் ஷமிசோவைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குள் நுழைந்தாள்.

மஸ்விங்கோ பக்கத்துப் பள்ளிகளில் வெள்ளிக்கிழமை வந்தால் பிள்ளைகள் வரிசையாக மண்டியிட்டுத் தரைக்குச் சிவப்பு பாலிஷ் தேய்ப்பார்கள். முழங்காலில் ஒட்டும், விரலில் ஒட்டும். ஷமிசோவின் வெளிர்நீலக் கவுனில் பின்பக்கம் முழுக்க அப்பியிருந்தது.

தலைமை ஆசிரியர் அறையில் கைதட்டி வணக்கம் சொல்லும் வழக்கத்தைக்கூட ருடோ மறந்துவிட்டாள். அவ்வளவு ஆத்திரம்.

"பாருங்க ஐயா! கூறு கூறா தக்காளி வித்து வாங்கின கவுனு. அந்த முசோனி வாத்தியார் எறிஞ்சாராம். என் புள்ள என்ன குப்பைக் கூடையா?"

தலைமை ஆசிரியரால் நம்ப முடியவில்லை. முசோனி அதட்டிப் பேசியே யாரும் கேட்டதில்லை. ஆளனுப்பி வரவழைத்தார்.

"முசோனி, இந்தம்மா சொல்றது நிஜமா?"

"ஆமா சார். கோவத்துல எறிஞ்சேன்."

அறையில் இருந்த ஆசிரியர்களுக்கே தூக்கிவாரிப் போட்டது.

"எதுக்குய்யா கோவம்?"

"சரியா தேய்க்கல சார்."

"அதுக்காக? ஒரு புள்ள மேலயா?"

முசோனி தக்காளி விற்கிறவளுக்கு முன்னால் குனிந்து, இரண்டு கையையும் மெல்லத் தட்டி மன்னிப்புக் கேட்டார்.

"கையத் தட்டினா கற போயிடுமா?" என்று ருடோ சீறினாள். "உங்களுக்கும் பொண்ணு இருக்குல்ல? அது மேல எறிவீங்களா?"

"நீங்க இனிமே வகுப்புக்குப் போக வேண்டாம் முசோனி. திங்கக்கிழமை நான் மேலிடத்துக்குச் சொல்லிடறேன். வேலை போச்சுன்னா என்னைக் குத்தம் சொல்லக் கூடாது" என்றார் தலைமை ஆசிரியர்.

ருடோ தலை நிமிர்ந்து வெளியே வந்தாள். வழியெல்லாம் அவளுக்கு வெற்றிக் களிப்பு. பின்னால் வந்த ஷமிசோ மட்டும் அழுதுகொண்டே வந்தாள்.

"எதுக்குடி அழற? நல்லா வாங்கிக் குடுத்துட்டேன்ல?"

வீட்டுக்கு வந்ததும் கவுனை அவிழ்த்து வாங்கினாள். விவரம் தெரிந்த எவளும் பாலிஷ் கறையில் நேராகத் தண்ணீரை ஊற்ற மாட்டாள். மழுங்கல் கத்தியால் மெழுகைச் சுரண்டி எடுத்தாள். அடியில் ஒரு பழந்துணியை வைத்து, மண்ணெண்ணெய் தொட்டு ஒற்றி ஒற்றி எடுத்தாள். திட்டிக்கொண்டேதான்.

பாலிஷ் கரைந்து துணியில் இறங்கியது. நீலம் மெல்லத் தெரிய ஆரம்பித்தது.

நடுவில் மட்டும் உள்ளங்கை அகலத்துக்கு ஏதோ நின்றது. இன்னும் கொஞ்சம் மண்ணெண்ணெய் ஊற்றித் தேய்த்தாள். அசையவில்லை. இது சிவப்பு இல்லை. பழுப்பு.

ருடோவின் கை நின்றுவிட்டது. இந்தக் கறை என்னவென்று அவளுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

"ஷமிசோ! இது... எப்படி இது?"

மகள் சுவரோடு ஒட்டி நின்றாள்.

"மண்டி போட்டுத் தேச்சுட்டு இருந்தப்பவே வந்துடுச்சும்மா. எனக்குத் தெரியல. எழுந்து நின்னேன். சார்தான் முதல்ல பாத்தாரு. பசங்க திரும்பறதுக்குள்ள பாலிஷ் துணிய எடுத்து அது மேலயே எறிஞ்சாரு. 'ஒழுங்கா தேய்க்கத் தெரியல, வீட்டுக்குப் போ'ன்னு கத்தினாரு."

"ஐயோ கடவுளே..."

"போன வருஷம் எங்ககூடப் படிச்ச முனாஷேவுக்கு இப்படித்தான் ஆச்சு. பசங்க பேரு வெச்சுக் கூப்பிட்டாங்க. அவ அப்புறம் பள்ளிக்கூடத்துக்கே வரலம்மா."

ருடோ மண்ணெண்ணெய்க் கையோடு மகளைச் சேர்த்து அணைத்துக்கொண்டாள். வெட்கம் பிடுங்கித் தின்றது. என்னென்ன பேச்சுப் பேசினாள் அந்த மனுஷனை!

"இப்பவே ஹெட்மாஸ்டர் வீட்டுக்குப் போறேன். கதவச் சாத்திட்டு அவர்கிட்ட மட்டும் சொல்றேன்" என்று எழுந்தவள், ஆற்றாமையோடு திரும்பினாள். "நான் அவ்வளவு கத்தினேனே, அந்த வாத்தியார் வாயில களிய அடைச்சிருந்தாரா? நீயாவது அங்க சொல்லக் கூடாதாடி?"

"சொல்லலாம்னு வாயத் திறந்தேம்மா. ஜன்னல்ல எங்க கிளாஸ் பசங்க நின்னாங்க. அதப் பாத்துட்டுத்தான் சார் எனக்கு முந்தி, 'ஆமா, கோவத்துல எறிஞ்சேன்'னு சொல்லிட்டாரு."