எந்த ஸ்கூட்டர்?

“உண்மையைச் சொல்லுங்க. இது முதல் தடவையா?”

மனைவி கத்தியிருந்தால்கூட அவர் சமாளித்திருப்பார். எதிரே சோபாவில் உட்கார்ந்து, மடியில் நோட்டும் கையில் பேனாவுமாக அவள் அமைதியாகக் கேட்டதில்தான் அவருக்கு வேர்த்துக் கொட்டியது.

“சத்தியமா முதல் தடவைதான்.”

“தனியாவா, கூட யாராவது இருந்தாங்களா?”

“சேச்சே! தனியாத்தான். நீயும் பாப்பாவும் கடைக்குப் போயிருந்தீங்க.”

“எந்த இடத்துல?”

“வாசல் படியில. மூணாவது படியில வழுக்கிடுச்சு.”

“நம்ம வாசல்ல ரெண்டு படிதாங்க இருக்கு.”

அவர் இடது கையிலிருந்த மாவுக்கட்டைத் தடவிக்கொண்டார். படியில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னதை ஆஸ்பத்திரியில் டாக்டர் நம்பினார், நர்ஸ் நம்பினார். வசமாக வந்து மாட்டிக்கொண்டது மெடிக்கல் கோடிங் பார்க்கும் மனைவியிடம்.

யார் எதிலிருந்து விழுந்தாலும், டாக்டர் எழுதியதைப் படித்து, எப்படி விழுந்தார், எங்கே விழுந்தார் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கோடு, அதாவது குறியீட்டு எண், போடுவது அவள் வேலை. ரோலர் ஸ்கேட்டிலிருந்து விழுந்தால் ஒரு கோடு, ஸ்கேட்போர்டிலிருந்து விழுந்தால் வேறு கோடு. விழுந்தவரே மறந்துபோன விவரத்தைக்கூட விடாமல் கேட்கும் உத்தியோகம் அது.

“முதல் தடவையான்னு கேட்டது, இந்தக் கைக்கு வைத்தியம் பார்க்கப் போனதைங்க. அதுக்கும் கோடுல ஒரு எழுத்து போடணும்,” என்றாள் அவள். “உங்க சார்ட் நாளைக்கு எங்க ஆபீஸுக்குத்தான் வரும். வீட்டு ஆளுங்களோடதை நான் தொடக்கூடாது, பக்கத்து சீட்டு அக்காகிட்ட போகும். அவங்க லேசுல விடமாட்டாங்க. படியில விழுந்தவர் உள்ளங்கையில தார் ரோட்டுக் கல்லு எப்படி வந்துச்சுன்னு டாக்டருக்கே கேள்வி அனுப்புவாங்க.”

டாக்டருக்குத் தெரிந்தால் சிரித்தே மானத்தை வாங்கிவிடுவார். அவர் டிரைவிங் லைசென்ஸ் கொடுக்கும் தேர்வு அதிகாரி. போன வருடம் அந்த டாக்டரையே இரண்டு முறை ஃபெயிலாக்கிய புண்ணியவான்.

“ஸ்கூட்டர்ல இருந்து விழுந்தேன்,” என்றார் மெதுவாக.

“எந்த ஸ்கூட்டர்? பெட்ரோல் போட்டு ஓட்டறதா, காலால உந்தித் தள்றதா? ரெண்டுக்கும் வேற வேற கோடுங்க.”

பெட்ரோல் ஸ்கூட்டர் என்றால் ஆபீஸில் மானம் போகும், காலால் உந்தும் ஸ்கூட்டர் என்றால் வீட்டில் மானம் போகும். இரண்டு பக்கமும் பார்க்காமல் கேட்டைத் தாண்டினாள் என்று மூன்று வாரத்துக்கு முன் பத்து வயது மகளை ஃபெயிலாக்கி, அவளுடைய ஸ்கூட்டரை அலமாரி உச்சியில் ஏற்றி வைத்தவர் அவர்தான். குழந்தை இரண்டு நாள் அழுதும் மனம் இரங்கவில்லை.

“பாப்பாவோடது,” என்றார். குரல் அவருக்கே கேட்கவில்லை.

அவள் சிரிப்பை அடக்கப் பார்த்துத் தோற்றுப்போனாள். “கேட்டுக்கு வெளியில சரிவுல விட்டிருப்பீங்க. முன்சக்கரம் சட்டுனு இடது பக்கம் இழுத்திருக்கும். விளக்குக் கம்பத்துல போய் மோதியிருப்பீங்க.”

“அப்படியேதான்! மேல ஏத்தறதுக்கு முன்னாடி நானே உருட்டிப் பார்த்தேன், நூல் பிடிச்ச மாதிரி நேராப் போச்சு. சும்மா கிடந்தே வளைஞ்சிடுச்சு போல. ஆமா, கைக்கட்டைப் பார்த்தே இவ்வளவும் எப்படிக் கண்டுபிடிச்சே?”

“எல்லாம் அனுபவந்தாங்க,” என்றவள் குனிந்து நோட்டில் ஏதோ எழுதத் தொடங்கினாள்.

இவ்வளவு கெட்டிக்காரியிடமா பொய் சொல்லப் பார்த்தோம் என்று அவருக்கு வெட்கமாக இருந்தது. கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது.

“டாக்டர்கிட்ட உண்மையைச் சொல்லிடறேன். சிரிச்சா சிரிச்சுட்டுப் போகட்டும். பாப்பாவுக்கு மட்டும் தெரிய வேண்டாம். தெரிஞ்சா அவ என்னை மதிப்பாளா?”

“தெரிஞ்சுடுச்சுப்பா.”

மகள் அறை வாசலில் நின்றிருந்தாள். கைகொட்டிச் சிரிக்கப்போகிறாள் என்று அவர் கண்ணை மூடிக்கொண்டார். அவளோ ஓடி வந்து மாவுக்கட்டைத் தொட்டுப் பார்த்து, “ரொம்ப வலிக்குதாப்பா?” என்றாள். அவ்வளவுதான், அதிகாரி அவளை ஒற்றைக் கையால் அணைத்துக்கொண்டார்.

“தப்பு என்மேலதான்டா கண்ணு. நீ சிரிப்பியோன்னு பயந்து மறைச்சுட்டேன். சக்கரத்தைச் சரி பண்ணித் தர்றேன், நீயே ஓட்டு. இனிமே இந்த வீட்டுல யார் எதுல இருந்து விழுந்தாலும் மறைக்கக் கூடாது. சொன்னா யாரும் திட்டவும் கூடாது. சரியா?”

“நிஜமாவாப்பா? திட்டவே மாட்டீங்களா?”

“நிஜமா.”

மகளின் முகம் மலர்ந்துவிட்டது. மனைவி மட்டும் அவசர அவசரமாக நோட்டை மூடிக்கொண்டு சமையலறைப் பக்கம் நடந்தாள். மகள் விடவில்லை, ஓடிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“அப்போ போன வாரம் நீ விழுந்ததையும் சொல்லிடலாமாம்மா?”