ஜெரினின் காது

நிவேதாவும் ஜெரினும் வடபழனியில் ஒரே ஸ்டுடியோவில் படங்களுக்கு ஒலிக்கலவை செய்தார்கள். விருதெல்லாம் ஜெரினுக்கே போனது. ஒருவர் கேட்கும் திறனை நகலெடுத்து விற்கும் காலம் வந்தபோது, ஸ்டுடியோ அவன் காதைத்தான் வாங்கியது. மற்றவர்கள் அந்த நகலைக் காதுக்குள் பொருத்திக்கொண்டு வேலை பார்க்க வேண்டும்.

நிவேதா பொருத்திக்கொண்டு, தான் பெருமையோடு முடித்திருந்த மழைக்காட்சியைக் கேட்டாள். தகரத்தில் விழுந்த மழையும் வாழையிலையில் விழுந்த மழையும் ஒன்றாகக் குழம்பிக் கிடந்தன. இத்தனை வருடமும் அவன் இதைக் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறான். அவளுக்கு வயிறு எரிந்தது.

அதைக் கழற்றாமலே வீட்டுக்கு வந்தாள். காபி கொண்டுவந்த கணவன் பிரசன்னாவின் மூச்சுக்கு அடியில் ஏதோ மெல்லக் கொதித்தது.

"எத்தனை நாளா இப்படி மூச்சு விடுறீங்க?"

"எப்படி? நல்லாத்தானே இருக்கேன்."

வற்புறுத்தி மருத்துவமனைக்கு அழைத்துப்போனாள். நுரையீரலில் நீர் சேரத் தொடங்கியிருந்தது. நல்லவேளை, சீக்கிரம் வந்தீர்கள் என்றார் டாக்டர்.

கட்டிலில் படுத்தபடி பிரசன்னா கேட்டான். "எனக்கே தெரியலை. உனக்கு எப்படிக் கேட்டுச்சு?"

"பக்கத்துலயே இருக்கேன். எனக்குக் கேக்காதா?" என்றாள் நிவேதா.

ஜெரினின் பெயரைச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை.