எழுபத்தெட்டு வயது முகம்

ஹாம்பர்க் படப்பிடிப்புகளில் இருபத்தொன்பது வருடங்களாக அடுத்தவர் முகங்களுக்கு மேக்கப் போட்டுவந்த டோர்டே, நடுநடுவே துண்டு வேடங்களிலும் தலைகாட்டியிருந்தாள். இன்றுதான் முதல் முறையாகக் கதாநாயகி. ஐம்பத்து நான்கு வயதுக்காரியை எழுபத்தெட்டு வயதுக் கிழவியாக்க வேண்டும்.

"இனிமே பிரஷ்ஷைத் தொடவா போறே, மகாராணி?" என்று சக மேக்கப்காரி இம்கே நேற்றுச் சீண்டியது உள்ளே உறுத்திக்கொண்டிருந்தது.

காலையில் மேக்கப் வேனில் நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடினாள். கதவு திறந்தது. ஒரு கை இடது காதோரம் வேலையைத் தொடங்கியது. பிரஷ்ஷை மணிக்கட்டில் இரண்டு முறை தட்டும் சத்தம் கேட்டது. தன்னைப் பார்த்து இம்கே கற்றுக்கொண்ட பழக்கம் என்று டோர்டேவுக்குப் பெருமையாக இருந்தது. கடைசியில் உடனுக்குடன் படம் தரும் கேமரா சொடுக்கியது. கதவு சாத்தப்பட்டது.

கண்ணாடியில் அப்பழுக்கில்லாத ஒரு கிழவி இருந்தாள்.

அப்போதுதான் இம்கே மூச்சிரைக்க ஏறினாள். "ரயில் லேட்டு, கோவிச்சுக்காதே. அடிப்பாவி, நீயே போட்டுக்கிட்டியா?"

மறுநாள் அதே மேக்கப்பைப் போடுவதற்காக எடுத்துவைக்கும் புகைப்படம் மேசையில் கிடந்தது. பின்புறம் டோர்டேயின் கையெழுத்தில் காட்சி எண்ணும் தேதியும் இருந்தன.

"வருஷம் தப்பு," என்றாள் அதை எடுத்துப் பார்த்த இம்கே. "இருபத்து நாலு வருஷம் கூட்டிப் போட்டிருக்கே."

டோர்டே படத்தை வாங்கிப் பார்த்தாள். எழுத்து நடுங்கியிருந்தது. முகத்தில் ஒரு கோடுகூட நடுங்கவில்லை.

"பிரஷ்ஷைத் தொடுவேனான்னு கேட்டியே," என்று தலைநிமிர்ந்து எழுந்தாள். "எழுபத்தெட்டு வயசுலயும் தொட்டிருக்கேன், பாரு."