முன்தேதியிட்ட நாற்காலி

மதிய வெயில் ஜன்னல் கம்பிகளுக்கிடையே நுழைந்து கணக்குப் பிரிவு மேசைகளின் மேல் கோடு கோடாகக் கிடக்கிறது. மின்விசிறி முனகுகிறதே தவிர காற்று வரவில்லை. ஓய்வு பெற்ற எழுத்தர் கால் கடுக்க நிற்கிறார். அவர் நடையாய் நடந்ததில், ஓய்வு பெற்ற பிறகு, பத்து வருஷம் முன்தேதியிட்டு அவரைக் கண்காணிப்பாளராக்கிவிட்டார்கள். சம்பள நிலுவைதான் வந்தபாடில்லை. அதை நம்பித்தான் வீட்டுக்காரியின் கண் ஆபரேஷன் தள்ளிப்போய்க்கொண்டே இருக்கிறது. பில் போடும் பெண் பதவி உயர்வு ஆணையைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறாள். "அந்த வேலைய நீங்க பாத்தீங்கன்னு ஒரு சான்று வேணும் சார். அப்ப இருந்த சூப்பரிண்டெண்ட் கையெழுத்துப் போடணும்." "இந்த ஆர்டர்படி அப்ப சூப்பரிண்டெண்ட் நான்தாம்மா." பக்கத்து மேசையில் யாரோ களுக்கென்று சிரிக்கிறார்கள். அவருக்கும் சிரிப்பு வருகிறது; பாதியிலேயே இருமலாகிவிடுகிறது. அவள் பேனாவை மூடுகிறாள், திறக்கிறாள், மறுபடி மூடுகிறாள். "உங்களுக்கு நீங்களே போட்டா ஆடிட்ல விடுவாங்களா? அதிகாரிகிட்ட கேட்டுட்டு வரேன். அதுவரைக்கும் அதுல உக்காருங்க சார்" என்று, சாப்பிடப் போயிருக்கும் கண்காணிப்பாளரின் காலி நாற்காலியைக் காட்டிவிட்டு உள்ளே போகிறாள். அதன் கைப்பிடிகள் தேய்ந்து பளபளக்கின்றன. அவர் கைக்குட்டையை எடுக்கிறார். இருக்கையை மூலை விடாமல் துடைக்கிறார். துடைத்து முடித்து, கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு, வேலையில் இருந்த காலத்து வழக்கம்போல் நாற்காலிக்கு இடப்பக்கம் ஓரடி தள்ளி நின்றுகொள்கிறார்.