கடலோரம் வளரும் மரம்

அது தொண்ணூற்றைந்தா தொண்ணூற்றாறா என்று இப்போது அடித்துச் சொல்ல முடியாது. வெளியே மழை பெய்தது என்கிறார் வின்சன்ற். ஆனால் அவருடைய நினைவில் ஜெர்மனியில் எல்லா நாளும் மழைதான். குருமூர்த்தி குடித்தது மூன்று கிண்ணமா நான்கா என்பதிலும் தகராறு உண்டு.

கேள்வி கேட்டது மட்டும் நிச்சயம்.

"சார், இது என்ன மரம்?"

கேட்ட இடம் டுசல்டோர்ஃபில் ஒரு ஜப்பானிய உணவகத்தின் சமையலறை. சனிக்கிழமை காலைகளில் மொரிதா என்ற அம்மையார் அங்கே வெளியாட்களுக்குத் தன் ஊர்ச் சமையல் சொல்லிக்கொடுப்பார். வின்சன்ற் அங்கே பாத்திரம் கழுவுகிறவர். மன்னார்க்காரர்.

குருமூர்த்தி திருச்சிக்காரர். ஆஹென் நகரில் ஆராய்ச்சி. கேக்கில் முட்டை இருக்குமோ என்று மோந்து பார்த்துவிட்டுக் கீழே வைத்துவிடுகிற சைவம்.

அவருக்கு ஒசாகாவில் வேலை வந்திருந்தது. ஆயுளுக்கு ஒருமுறை வருகிற வேலை. திங்கட்கிழமைக்குள் பதில் சொல்லவேண்டும். 'அந்த ஊர்ச் சாப்பாட்டை ஒருவேளை சாப்பிட்டுக் காட்டுங்கள், பிறகு போகலாம்' என்று ஊரிலிருந்த மனைவி சாந்தா நிபந்தனை போட்டிருந்தார். அதற்காகவே ரயிலேறி வந்திருந்தார் மனிதர்.

இவ்வளவையும் அரை மணி நேரத்தில் வின்சன்றிடம் கொட்டிவிட்டார். சூடான சட்டியைத் தொட்டு வின்சன்ற் "ஐயோ" என்றதுதான் தாமதம், தமிழர் என்று பிடித்துக்கொண்டார்.

வகுப்புக்குப் பதிவு செய்தபோதே, 'எனக்கு இறைச்சி ஆகாது' என்று ஜெர்மனில் தெளிவாகச் சொல்லியிருந்தார். அதில் மீனும் அடக்கம் என்பது அவருடைய நினைப்பு.

ஜெர்மன்காரர்களுக்கு மீன் இறைச்சியில் சேர்த்தி இல்லை. மொரிதா அம்மையாருக்கும் இல்லை. இறைச்சி விலக்கும் வெள்ளிக்கிழமைகளில், கத்தோலிக்கரான வின்சன்றுக்கும் இல்லை.

மேசைமேல் ஒரு சாண் நீளத்தில், காய்ந்த விறகு போல ஒன்று கிடந்தது. தச்சனின் சீவுளியைக் கவிழ்த்து வைத்தது போன்ற பெட்டியில் அதைத் தேய்த்தால் இளஞ்சிவப்புச் சுருள்கள் விழும். கொதிநீரில் போட்டு வடித்தால் சூப்.

குருமூர்த்தி கட்டையை எடுத்து மேசையில் தட்டிப் பார்த்தார். டொக் டொக் என்றது.

வின்சன்றுக்கு அதை வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்தே தெரியும். மாசி. ஊரில் சம்பலுக்கு இடிக்கிற அதே மாசிக் கருவாடு. இங்கே வந்து கொஞ்சம் மரியாதையாக நடந்துகொள்கிறது, அவ்வளவுதான்.



கையில் இருந்த தட்டைத் துடைத்தார். துடைத்ததையே மறுபடி துடைத்தார்.

இரண்டு கிண்ணம் ஏற்கெனவே உள்ளே போயிருந்தது. குடித்தவரின் முகத்தில், மாதக்கணக்காகப் பாண் ரொட்டியும் தயிருமாகக் காலம் தள்ளிய ஒருவருக்குச் சட்டென்று வெயில் அடித்தது போல ஒரு வெளிச்சம். உண்மையைச் சொன்னால் குடித்த சூப் திரும்பி வராது. ஒசாகாதான் போய்விடும்.

தட்டு மூன்றாம் முறையும் துடைபட்டது.

"கடற்கரைப் பக்கம் வளருற ஒரு மரம், ஐயா. எங்கட ஊரிலயும் இருக்கு."

"அதானே பார்த்தேன், ஒரு கடல் வாசனை!" என்று குருமூர்த்தி அடுத்த கிண்ணத்துக்குக் கை நீட்டினார்.

திங்கட்கிழமை ஒசாகாவுக்குச் சம்மதக் கடிதம் போனது.

வின்சன்றுக்கு அந்த வாரம் முழுவதும் தூக்கம் பிடிக்கவில்லை. தான் குடியிருந்த கெல்சென்கிர்ச்சனில், மாதா கோவிலில் பாவசங்கீர்த்தனம் செய்யப் போனார். ஒரு சைவக்காரருக்குப் பொய் சொல்லி மீன் குடிக்கக் கொடுத்துவிட்டேன், சாமி, என்றார்.

ஜெர்மன் பாதிரியார் வெகுநேரம் யோசித்தார். அது வெள்ளிக்கிழமையா என்று கேட்டார். சனிக்கிழமை என்றார் வின்சன்ற். வெள்ளிக்கிழமையாக இருந்தாலும் மீன் பரவாயில்லையே என்று பாதிரியார் குழம்பினார். கடைசியில், பொய்க்கு ஒரு 'அருள் நிறைந்த மரியே' சொல்லச் சொன்னார். மீனுக்கு ஒன்றும் இல்லை.

அதனால் மீன் மட்டும் வின்சன்றிடமே தங்கிவிட்டது. அன்று வாங்கிப்போன விலாசத்துக்கு, டிசம்பர் தோறும் நத்தார் பண்டிகைக்கு ஒசாகாவிலிருந்து வாழ்த்து அட்டை வரும். அதைப் பிரிக்கவே அவருக்குக் கை வராது. மனைவி கொறற்றிதான் பிரித்து வாசிப்பார்.

பல வருடங்கள் கழித்து ஒருநாள், சாந்தா தொலைபேசியில் கொறற்றியிடம் பேச்சோடு பேச்சாக ஒன்றைச் சொன்னார்.

அந்த வகுப்பில், தொடங்கும்போதே எல்லோருக்கும் ஒரு தாள் கொடுத்திருந்தார்களாம். அவர் ஊருக்கு வந்தபோது துவைக்கப் போட்ட சட்டைப் பையிலிருந்து சாந்தா அதை எடுத்தாராம். தாளின் தலைப்பில் ஒரு மீன். மீனிலிருந்து ஒரு அம்பு. அம்பின் நுனியில் அந்தக் கட்டை.

"இவர்கிட்ட கேட்டேன் அக்கா. 'முதல் வாய்க்கு முன்னாடியே பார்த்துட்டேன், ஆனா வாசனை விடலை'ங்கறார். 'அந்த மன்னார்க்காரரைப் பார்த்தா நல்லவரா தெரிஞ்சுது, அதான் அவரைக் கேட்டேன்'ங்கறார்!"

கொறற்றி விஷயத்தைச் சொன்னபோது வின்சன்ற் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார்.

"அப்ப இவ்வளவு காலமும் அந்த மீனை நான் ஏனப்பா சுமந்தனான்?"

"ஆராவது சுமக்கத்தானே வேணும். அவர் பாவம், குடிச்சுக் கொண்டெல்லோ இருந்தவர்" என்றார் கொறற்றி.

பாதிரியார் காலமாகிவிட்டார். மொரிதா அம்மையார் ஊர் திரும்பினார். உணவகம் இருந்த இடத்தில் இப்போது மூக்குக்கண்ணாடிக் கடை. குருமூர்த்தி இரண்டு வருடம் என்று போய் ஒசாகாவில் பதினொரு வருடம் இருந்தார். இப்போது சாந்தாவோடு திருச்சியில் இருக்கிறார். வின்சன்றும் கொறற்றியும் கெல்சென்கிர்ச்சனிலேயே இருக்கிறார்கள்.