ஒட்டுமீசை

வில்லன் பூட்ஸ் முனையால் பிணத்தின் தாடையை நெம்பித் திருப்பியபோது, தியேட்டர் இருட்டில் அம்மா மகனுடைய மணிக்கட்டைப் பிடித்தாள்.

திரையில் அந்த முகம் பக்கவாட்டில் சாய்ந்து நின்றது. கேமரா நகரவில்லை. நகர்த்த வேண்டாம் என்று இயக்குநரிடம் கேட்டுக்கொண்டதே அவன்தான். எவ்வளவு பக்கத்தில் காட்டினாலும் பொம்மை என்று ஒருவராலும் சொல்ல முடியாது என்று மார்தட்டியிருந்தான்.

பின்வரிசையில் ஒருவர் விசிலடித்தார். "ரத்தம் பின்னிட்டாருய்யா!"

ரத்தம் என்பது சினிமாவில் அவனுக்கு வைத்த பெயர். வெட்டுக்காயம், தீக்காயம், அறுந்த விரல், பிளந்த மண்டை எல்லாம் அவன் கைவேலை. சொந்தக்காரர்கள்கூட, இன்றைக்கு எத்தனை தலையைச் சீவிவிட்டு வந்தாய் என்றுதான் அவனை வீட்டுக்குள் வரவேற்பார்கள். அவனும் வாய்க்கு வந்த கணக்கைச் சொல்லிச் சிரிப்பான்.

அப்பேர்ப்பட்டவனுக்கு இந்த ஒரு பிணம் தண்ணி காட்டிவிட்டது.

செய்த தலைகளையெல்லாம் இயக்குநர் தள்ளிவிட்டார். தூங்குகிறவன் மாதிரி இருக்கிறது, செத்தவன் மாதிரி இல்லை என்றார். வேறு ஆளைப் பார்த்துக்கொள்கிறேன் என்பதைச் சொல்லாமல் சொன்னார்.

அந்த வாரம்தான் அப்பா போய்ச் சேர்ந்தார்.

அடுத்து அவன் கொண்டுபோன தலையைப் பார்த்து இயக்குநர் வாயடைத்துப் போனார்.

அதற்கு அடர்த்தியாக ஒரு மீசை ஒட்டியிருந்தான். நெற்றியில் ஒரு வெட்டு. நரையெல்லாம் கறுப்பு. அப்பா வாழ்நாளில் மீசை வைத்ததில்லை. பெற்ற பிள்ளை எனக்கே அடையாளம் தெரியவில்லை, மற்றவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது என்று மனதைத் தேற்றிக்கொண்டான்.

ஆனாலும் அம்மா மட்டும் இந்தப் படத்தைப் பார்த்துவிடக் கூடாது என்பதில் குறியாக இருந்தான். வெட்டுக்குத்து அதிகம், உனக்கு ரத்தக்கொதிப்பு என்று சாக்குச் சொன்னான். தங்கைதான் காரியத்தைக் கெடுத்தாள். அண்ணன் பெயர் திரையில் வருவதை நீ பார்க்க வேண்டாமா என்று, குடும்பத்தாருக்கென்று போட்ட இந்தக் காட்சிக்கு அம்மாவைக் கையோடு கூட்டிக்கொண்டு வந்துவிட்டாள்.

காட்சி மாறிவிட்டது. கதாநாயகன் பைக்கில் பறந்துகொண்டிருந்தான்.

அம்மாவின் பிடி தளரவில்லை.

ஒரு ஆயுசுக்காலம் பக்கத்திலேயே வைத்துப் பார்த்த முகம். மீசையும் வெட்டும் அவள் கண்ணை மறைத்துவிடுமா?

பெற்ற அப்பனையாடா என்று இத்தனை பேர் முன்னால் அவள் எழுந்து நின்று செருப்பைக் கழற்றினாலும் தகும் என்று அவனுக்குத் தோன்றியது. தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு காத்திருந்தான்.

அம்மா அவன் காதருகே குனிந்தாள். குரலில் கோபமே இல்லை.

"அச்சு அசல் அப்பாவேதான்டா. எப்படிடா இப்படி மனசுல பதிய வச்சிருக்கே?"

பதிலையும் அவளே சொன்னாள்:

"அன்னைக்கு எல்லாரையும் வெளிய போகச் சொல்லிட்டு, கதவைச் சாத்திக்கிட்டு அவர்கூடவே இருந்தியே, அப்ப பதிஞ்சதாத்தான் இருக்கும். அப்புறம் நான் உள்ள வந்து பாக்குறேன், காதோரம் வெள்ளை வெளேர்னு பவுடர். கடைசியா ஒரு தடவை அப்பாவுக்கு மேக்கப் போட்டு அழகு பாத்திருக்கான் எம்புள்ளன்னு, இன்னைக்கு வரைக்கும் பாக்கறவங்ககிட்ட எல்லாம் சொல்லிட்டிருக்கேன். நீதானேடா போட்டுவிட்டே?"

பவுடர் இல்லை. பிளாஸ்டர். முகத்தில் பூசி அச்சு எடுக்கிற பிளாஸ்டர்.

உயிரோடு இருக்கிறவர்கள் என்றால் மூச்சுவிட மூக்குத் துளைகளை விட்டுவிட்டுப் பூச வேண்டும். அன்று அந்தக் கவலை இருக்கவில்லை. வேலை சீக்கிரமே முடிந்தது. பிளாஸ்டர் இறுகும்போது சூடேறும். சில்லிட்டுக் கிடந்த கன்னம் உள்ளங்கைக்கு அடியில் வெதுவெதுப்பானபோது மட்டும், தன்னை அறியாமல் "அப்பா" என்று கூப்பிட்டுவிட்டான். பிறகு அச்சைப் பதமாகக் கழற்றித் துண்டில் சுற்றிப் பைக்குள் வைத்தான். கதவைத் திறந்து வெளியே வந்தவனை மாமா கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதார்.

"ஆமாம்மா" என்றான்.