கிசோ பாதையில் ஏழு நாள்

“இப்பவே சொல்லிடறேன், மாகோமே ஏத்தத்துல என்னை விட்டுட்டு நீ பாட்டுக்கு முன்னாடி போயிடக் கூடாது,” என்றார் இசாமு, மேசை மேல் விரித்திருந்த வரைபடத்தைப் பார்த்தபடி.

“நான் எங்க முன்னாடி போகப் போறேன்? நீங்க நிதானமா நடங்க. யாரு துரத்தறா?” என்றாள் யோஷியே.

கல்யாணமான புதிதில் அவர் கொடுத்த வாக்கு இது. கிசோ பள்ளத்தாக்கில் அந்தக் காலத்து மக்கள் நடந்துபோன மலைப்பாதையில் ஒரு வாரம் கூட்டிப் போகிறேன் என்றார். எங்கே போனார்? ஒவ்வொரு வருஷமும் கம்பெனியில் ஏதாவது ஒரு தலைபோகிற வேலை. யோஷியே கேட்டுக் கேட்டுப் பார்த்து, ஒரு கட்டத்தில் கேட்பதையே விட்டுவிட்டாள். அது அவர் மனதில் முள்ளாக உறுத்திக்கொண்டே இருந்தது.

மார்ச்சில் ஓய்வு பெற்றார். அன்றிலிருந்து மனைவி போகுமிடமெல்லாம் பின்னாலேயே போனார். மார்க்கெட்டுக்குப் போனார், பல் டாக்டரிடம் போனார், அவளுடைய பாட்டுக் குழுவின் பயிற்சிக்குக்கூடப் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்து, மணி பன்னிரண்டு அடித்ததும் சாப்பாட்டு நேரமென்று கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார். விட்டுப்போன வருஷங்களுக்கெல்லாம் சேர்த்துத் துணையாக இருக்கிறோம் என்று அவருக்குப் பரம திருப்தி. அவள் முகத்தில்தான் சிரிப்பைக் காணோம்.

அப்படிப்பட்டவள் போன மாதம் தானாகவே இந்த வரைபடத்தை வாங்கி வந்து, “கிசோ போற விஷயம் என்னாச்சு?” என்று கேட்டபோது இசாமு அதை உடனே வாங்கி விரித்தார். இந்த ஒரு தடவையாவது அவளைச் சந்தோஷப்படுத்திவிட வேண்டும், சொதப்பிவிடக் கூடாது என்று நினைத்துக்கொண்டார்.

“இந்த விடுதியில ஆத்து மீனைக் கரி அடுப்புல சுட்டுத் தருவாங்களாம். குளிக்கிற தொட்டி முழுக்க சைப்ரஸ் மரமாம்,” என்றாள் யோஷியே.

“எல்லாம் சரி, எல்லா அறையிலயும் காகிதக் கதவுதானே? என் குறட்டை ஊரையே எழுப்பிடுமே?”

“அதெல்லாம் யோசிக்காமலா இருப்பேன்? பெரிய அறையா பேசியிருக்கேன். குறட்டைக்குக் குறட்டை சரியாப் போயிடும்.”

“நீ எப்பலேர்ந்து குறட்டை விட ஆரம்பிச்ச?”

அதற்கு அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்துப் பார்த்தே மாதக்கணக்காகிவிட்டது.

தொலைபேசி மணி அடித்தது. எடுத்துக்கொண்டு சமையலறைக்குள் போனவள் அங்கேயும் சிரித்தாள்.

“ஹிரானோ வீட்டம்மாதான். நல்ல மழைக்கோட்டு எந்தக் கடையில கிடைக்கும்னு சொன்னாங்க.”

“நம்ம பயணத்துல அந்தம்மாவுக்கு என்ன இவ்வளவு அக்கறை?”

“பாட்டுக் குழுவுல எல்லாருமே அக்கறையாத்தான் இருக்காங்க.”

இசாமு முழங்காலைத் தடவிக்கொண்டார். “எதுக்கும் சொல்றேன், ஏழு நாள் அதிகமோன்னு படுது. அஞ்சு நாளாக் குறைச்சிடலாமா?”

யோஷியேவின் முகம் சட்டென்று வாடிப்போயிற்று. “ஒரு நாள்கூடக் குறைக்காதீங்க. நான் எவ்வளவு ஆசையா ஏற்பாடு பண்ணியிருக்கேன்.”

“சரி சரி, சும்மா கேட்டேன்,” என்று அவசரமாகச் சமாளித்தார். இவ்வளவு ஆசையை மனதில் பூட்டி வைத்துக்கொண்டா இத்தனை வருஷம் இருந்தாள் என்று அவருக்கு வெட்கமாகக்கூட இருந்தது.

மறுநாள் அவளே அவரைக் கடைக்கு இழுத்துப் போய் நல்ல நடைக் காலணி வாங்கிக் கொடுத்தாள். உனக்கு வேண்டாமா என்றதற்கு, எனக்கு இருக்கிறதே போதும் என்றுவிட்டாள். சிக்கனக்காரி. கூரியர்காரர் பையை முதல் விடுதிக்கு எடுத்துப்போக வந்தபோது இசாமு முடி வெட்டிக்கொள்ளப் போயிருந்தார். அதையும் அவளே பார்த்துக்கொண்டாள்.

கிளம்பும் நாள் காலையில் வாசல்வரை வந்து அவர் தொப்பியைச் சரிசெய்தாள். “நீங்க முதல்ல கிளம்புங்க. எனக்கு இங்க கொஞ்சம் வேலை இருக்கு. ரயிலை மட்டும் விட்டுடாதீங்க.”

நாகோயா நிலையத்தில் பெட்டிக்குள் ஏறினால், அவருடைய இருக்கையைச் சுற்றி அவர் வயதுக்காரர்கள் நாலு பேர் உட்கார்ந்திருந்தார்கள். நாலு பேர் காலிலும் மடிப்புக் கலையாத புதுக் காலணி. நாலு பேரும் கழுத்தை நீட்டி நீட்டி நடைமேடையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“நான் ஹிரானோ,” என்று ஒருவர் எழுந்து தலை தாழ்த்தினார். “நீங்களும் கிசோவுக்கா? என் மனைவி இதோ வந்துடுவா. வீட்டுல ஏதோ கொஞ்சம் வேலை இருக்காம்.”

“எங்க வீட்டுலயும் அப்படித்தான் சொன்னா,” என்றார் எதிர் இருக்கைக்காரர். மற்ற இருவரும் திரும்பிப் பார்த்தார்கள்.

கதவு மூடிக்கொண்டது. ரயில் நகர்ந்தது.

பெட்டிக்குள் கைப்பேசியில் பேசக் கூடாது என்பதால் இசாமு அதை எடுத்துக்கொண்டு கதவோரம் ஓடினார்.

“ஏறியாச்சா? அஞ்சு பேரும் இருக்கீங்களா?” என்றாள் யோஷியே. அவள் குரலுக்குப் பின்னால், அவருடைய வீட்டுக் கூடத்தில் நாலு பெண்கள் சிரித்துக்கொண்டே பாட ஆரம்பித்திருந்தார்கள். “ஒரே அறைதான், சண்டை போட்டுக்காதீங்க. நெஜமாச் சொல்றேன், கல்யாணமான நாளிலேர்ந்து நீங்க என்னை இவ்வளவு சந்தோஷப்படுத்தினதே இல்ல.”